அப்பாவும் அண்ணனும் சேர்ந்த டெபாசிட்டில் அம்மாவுக்கும் மகள்களுக்கும் பங்கு உண்டா?

கேள்வி: எங்களுக்கு மேலூர் பக்கம் கிராமம். அப்பா தம் நஞ்சையை விற்று வந்த 18 லட்சம் ரூபாயை வங்கியில் டெபாசிட் போட்டார். ரசீதில் அப்பா பெயர் முதலில், அண்ணன் பெயர் இரண்டாவது. பிறகு அண்ணனும் தன் பணம் 3 லட்சத்தை அதே பெயர்களில் போட்டார். இரண்டு ரசீதிலும் ‘எய்தர் ஆர் சர்வைவர்’ என்று இருக்கிறது. நாமினி அண்ணி. அப்பா உயில் எழுதவில்லை. அவர் காலமான பிறகு வங்கி முழுத் தொகையையும் அண்ணனிடம் கொடுத்துவிட்டது. “வங்கியே எனக்குத்தான் என்று கொடுத்துவிட்டது, இதில் பேச என்ன இருக்கிறது?” என்கிறார் அண்ணன். அம்மா இருக்கிறார். நானும் அக்காவும் திருமணமாகி வெளியூரில் இருக்கிறோம். எங்களுக்குப் பங்கு உண்டா? வங்கி மீது வழக்குப் போடலாமா?

பதில்: பங்கு உண்டு. வங்கி மீது வழக்கு வேண்டாம், நிற்காது.

வங்கிக் கிளைகளில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் என்ற முறையில் முதலில் வங்கிப் பக்கத்தைச் சொல்லிவிடுகிறேன். டெபாசிட் செய்தவர் இறந்ததும் கிளை மேலாளர் முன் இருக்கும் கேள்வி ஒன்றே ஒன்றுதான்: யாரிடம் பணத்தைக் கொடுத்தால் என் பொறுப்பு தீரும்? பணம் யாருடையது என்று தீர்ப்புச் சொல்லும் அதிகாரமும் அவருக்கு இல்லை, அவசியமும் இல்லை. ‘எய்தர் ஆர் சர்வைவர்’ என்றால் இருவரில் எவரும் கணக்கை இயக்கலாம், ஒருவர் போய்விட்டால் இருப்பவரிடம் கொடுக்கலாம் என்று டெபாசிட் செய்த அன்றே இருவரும் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த உத்தரவு. அதன்படி உங்கள் அண்ணனிடம் கொடுத்த கணமே வங்கி கழன்றுகொண்டது. ரிசர்வ் வங்கி 2005ஆம் ஆண்டிலிருந்தே இதைத் தெளிவாகச் சொல்லி வருகிறது: உயிரோடு இருக்கும் கூட்டு டெபாசிட்தாரருக்கோ நாமினிக்கோ கொடுப்பது செல்லுபடியாகும், ஆனால் அவர் அதை இறந்தவரின் வாரிசுகளுக்கான அறங்காவலராகவே பெறுகிறார், அந்த வாரிசுகளின் உரிமை இதனால் பாதிக்கப்படாது. இந்தப் பின்பாதியை அண்ணன்மார்கள் படிப்பதில்லை.

இனி பணம் யாருடையது என்ற கேள்விக்கு வருவோம். இதற்கு விடை ரசீதில் கிடைக்காது. பணம் எங்கிருந்து வந்தது என்பதில்தான் கிடைக்கும். ஒருவர் தம் பணத்தைத் தம் பெயரோடு மனைவி பெயரையோ மகன் பெயரையோ சேர்த்துப் போட்டார் என்பதற்காக மட்டும் அது அவர்களுக்குக் கொடுத்த தானம் ஆகிவிடாது. 1928இல் குரான் தித்தா எதிர் ராம் தித்தா வழக்கில் அன்று நமக்குக் கடைசி மேல்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சிலே இதைச் சொல்லிவிட்டது. கணவர் தம் பணத்தைத் தம் பெயரிலும் மனைவி பெயரிலும், இருவரில் இருப்பவருக்கு என்று டெபாசிட் செய்திருந்தார். கணவர் மனைவிக்குக் கொடுத்தால் அது பரிசுதான் என்று ஊகிக்கும் ஆங்கிலேயர் வழக்கம் இந்தியாவுக்குப் பொருந்தாது, பணம் போட்டவருக்கே உரியது, பரிசு என்று சொல்பவர்தான் அதை நிரூபிக்க வேண்டும் என்று முடிவு செய்தார்கள். இன்றும் நம் நீதிமன்றங்கள் நடக்கும் பாதை அதுதான்.

ஆகவே 18 லட்சம் அப்பா பணம் என்றால், அது அப்பாவின் சொத்து. அவருடைய வாரிசுகள் எல்லாருக்கும் போகும். அண்ணன் போட்ட 3 லட்சம் அண்ணனுடையது. அதில் நீங்கள் வாய் திறக்கக் கூடாது. இதே விதி திரும்பியும் வெட்டும் என்பதைக் கவனியுங்கள். ஒருவேளை அண்ணன் முதலில் போயிருந்து, அப்பா முழுப் பணத்தையும் வாங்கியிருந்தால், அந்த 3 லட்சம் அண்ணி, அவர் பிள்ளைகள், உங்கள் அம்மா ஆகியோருக்கு உரியதாகியிருக்கும். அப்போது அண்ணிதான் என்னிடம் கேள்வி கேட்டிருப்பார்.

அண்ணி நாமினி என்பதைப் பற்றி இரண்டு வரி போதும். கூட்டு டெபாசிட்டில் போட்டவர்கள் அனைவரும் போன பிறகுதான் நாமினிக்கு வேலை. அண்ணன் இருக்கும்வரை அந்தப் பெயர் ரசீதில் சும்மா இருக்கும். அப்படியே வேலை வந்தாலும் நாமினி வாங்கிக் கொடுப்பவர்தான், உரிமையாளர் அல்லர். வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தின் 45இசட்ஏ பிரிவைப் படித்து, 2010இல் ராம் சந்தர் தல்வார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத்தான் சொன்னது. 2025 நவம்பர் 1 முதல் ஒரு டெபாசிட்டுக்கு நான்கு பேர் வரை நாமினி போடலாம், யாருக்கு எத்தனை சதவீதம் என்றும் எழுதலாம். அந்தச் சதவீதத்தைப் பார்த்துவிட்டு ‘இதுதான் பாகப்பிரிவினை’ என்று நினைக்கிறவர்கள் இனி கூடுவார்கள் என்பது என் கணிப்பு. அதுவும் வங்கி யாரிடம் எவ்வளவு எண்ணிக் கொடுக்க வேண்டும் என்ற கணக்குதான்.

பங்கு எவ்வளவு என்பதைப் பார்ப்போம். இங்கேதான் உங்கள் கேள்வியில் நீங்கள் சொல்லாமல் விட்ட ஒரு விஷயம் முழுக் கணக்கையும் புரட்டிப் போடும். விற்ற நஞ்சை அப்பாவுக்கு எப்படி வந்தது?

அது அப்பா சம்பாதித்து வாங்கியது என்றால் கணக்கு எளிது. இந்து வாரிசுரிமைச் சட்டம் 1956, பிரிவு 8இன்படி முதல் வகுப்பு வாரிசுகள் சமமாக எடுப்பார்கள். உங்கள் வீட்டில் அம்மா, அண்ணன், அக்கா, நீங்கள் என நான்கு பேர், ஆளுக்கு 4.5 லட்சம். அப்பாவின் தாயார், அதாவது உங்கள் அப்பத்தா உயிரோடு இருந்தால் அவருக்கும் ஒரு பங்கு, ஐந்தாகப் பிரியும், ஆளுக்கு 3.6 லட்சம். கிராமத்தில் ஒரு மூலையில் கட்டிலில் கிடக்கும் அப்பத்தாவை வாரிசுப் பட்டியலில் சேர்க்க மறப்பது நம் பக்கத்தில் சர்வ சாதாரணம். தாத்தாவுக்கு இந்தப் பட்டியலில் இடமில்லை.

அந்த நிலம் தாத்தா வழி வந்தது என்றால் இன்னொரு கேள்வி கேட்க வேண்டும். 1956க்குப் பிறகு தாத்தா உயில் எழுதாமல் இறந்து, அவருடைய தனிச் சொத்து மகன் என்ற முறையில் அப்பாவுக்கு வந்திருந்தால், அது அப்பாவின் தனிச் சொத்துதான். 1986இல் சந்தர் சென் வழக்கில் உச்ச நீதிமன்றம் அப்படித்தான் சொன்னது. கணக்கு மேலே சொன்னதே. ஆனால் அது உண்மையிலேயே பிரிக்கப்படாத கூட்டுக் குடும்பத்துப் பூர்வீகச் சொத்து என்றால், விற்ற பணமும் அதே தன்மையோடுதான் வங்கிக்குப் போயிருக்கிறது. இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 2005 திருத்தத்துக்கும், 2020 ஆகஸ்டில் வினீதா சர்மா வழக்கில் வந்த தீர்ப்புக்கும் பிறகு, மகள்களும் பிறப்பிலேயே பங்காளிகள். அப்படியானால் 18 லட்சத்தில் அப்பா, அண்ணன், அக்கா, நீங்கள் என நால்வருக்கும் ஆளுக்குக் கால் பங்கு முன்பே இருக்கிறது. அப்பா விட்டுச் சென்றது அவருடைய கால் பங்கான 4.5 லட்சம் மட்டும்தான். அதுதான் நான்கு வாரிசுகளுக்கும் பிரியும். முடிவில் பிள்ளைகள் மூவருக்கும் ஆளுக்கு 5,62,500 ரூபாய். அம்மாவுக்கு 1,12,500 ரூபாய். தென்னிந்தியாவில் குடும்பப் பாகப்பிரிவினையில் மனைவிக்குத் தனிப் பங்கு கொடுக்கும் வழக்கம் அற்றுப்போய்விட்டதால் வந்த வினை இது. அதே பணம், அதே குடும்பம். நிலத்தின் மூலப் பத்திரத்தில் எழுதியிருப்பது மாறினால் அம்மாவின் பங்கு நான்கில் ஒரு மடங்காகச் சுருங்கிவிடுகிறது. ‘பூர்வீகச் சொத்து’ என்று ஆவேசமாக வாதாடும் முன் அம்மாவின் நிலையை நினைத்துக்கொள்ளுங்கள். மகள்களுக்கு லாபமான வாதம் தாய்க்கு நட்டமான வாதமாக இருக்கலாம்.

ஆகவே செய்ய வேண்டிய முதல் வேலை அந்த விற்பனையின் கிரயப் பத்திர நகலை எடுப்பது. பதிவுத்துறை இணையதளத்தில் வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்தால் ஆவண எண் கிடைத்துவிடும். பிறகு சார்பதிவாளர் அலுவலகத்தில் நகல் வாங்கலாம். அதில் இரண்டு இடங்களைப் பாருங்கள். ஒன்று, விற்பவருக்குச் சொத்து பாத்தியமான விதத்தைச் சொல்லும் பத்தி. ‘என் சுயார்ஜிதக் கிரயம்’ (நானே சம்பாதித்து வாங்கியது) என்றோ, ‘எங்கள் பிதுரார்ஜிதம்’ (முன்னோர் வழி வந்தது) என்றோ அப்பா தம் வாயால் சொன்னது அதில் இருக்கும். மற்றொன்று, விற்பவர்களாகக் கையெழுத்துப் போட்டவர்கள் யார் யார் என்பது. வாங்குகிறவர்கள் இப்போது உஷார். பிள்ளைகள் எல்லார் கையெழுத்தும் கேட்கிறார்கள். நீங்களும் அக்காவும் ஒருநாள் வந்து கையெழுத்துப் போட்டுவிட்டுப் போன நினைவு இருந்தால் அது சின்ன விஷயமில்லை. கிரயத் தொகையில் உங்களுக்கும் உரிமை இருந்தது என்பதற்கு அது ஓர் ஆதாரம். அதே பத்திரத்தில் ‘எங்கள் பங்குத் தொகையைப் பெற்றுக்கொண்டோம்’ என்று எழுதியிருந்தால் அது உங்களுக்கு எதிராகவும் நிற்கும். படித்துப் பார்க்காமல் வக்கீலிடம் ஓடாதீர்கள்.

அடுத்து, பணம் நகர்ந்த தடம். வாங்கியவர் கொடுத்த காசோலை அப்பாவின் சேமிப்புக் கணக்கில் விழுந்து, அங்கிருந்து டெபாசிட்டுக்குப் போயிருந்தால் அந்தக் கணக்கின் ஸ்டேட்மெண்ட் ஒன்றே போதும். வட்டி யார் கணக்கில் விழுந்தது, அதை யார் எடுத்துச் செலவழித்தார் என்பதும் பேசும். என் அனுபவத்தில் இவற்றையெல்லாம்விடப் பலமாகப் பேசும் காகிதம் ஒன்று உண்டு, யாரும் அதைத் தேடுவதில்லை: 15எச் படிவம். அறுபது தாண்டியவர்கள் வட்டியில் வரி பிடிக்காமல் இருக்க வங்கியில் கொடுத்துவந்த உறுதிமொழி அது. அப்பா ஆண்டுதோறும் அந்தப் படிவத்தைக் கொடுத்திருந்தால், ‘இந்த வட்டி என் வருமானம்’ என்று அவரே எழுதிக் கையெழுத்திட்டிருக்கிறார் என்று பொருள். வட்டி அப்பா வருமானம், அசல் மட்டும் அண்ணனுக்குக் கொடுத்துவிட்ட பரிசு என்று வாதாடுவது யாருக்கும் கடினம். இவற்றின் நகலை வங்கி உங்களிடம் தராமல் போகலாம். நீங்கள் கணக்குதாரர் இல்லையே. வழக்கு என்று வந்தால் நீதிமன்றம் வழியாக வரவழைக்கலாம்.

அண்ணன் தரப்பில் நியாயமே இல்லை என்று நான் சொல்லமாட்டேன். அவர் மூன்று வாதங்கள் வைப்பார்.

“அப்பா எனக்கென்றுதான் போட்டார்.” இது உண்மையாக இருக்கலாம். அப்பா உயிரோடு இருந்தபோதே ரசீதை அண்ணனிடம் ஒப்படைத்து, வட்டியையும் அவரே எடுத்துக்கொள்ள விட்டு, உறவினர் முன் சொல்லியும் வைத்திருந்தால் நீதிமன்றம் அதைப் பரிசாக ஏற்க இடமுண்டு. ஆனால் வயதான தகப்பன் வங்கிக்கு நடக்க முடியாததால் உள்ளூரில் இருந்த மகன் பெயரைச் சேர்த்தார் என்றால் அது வசதிக்காகச் சேர்த்த பெயர். மகள்கள் வெளியூரில் இருந்ததால் அவர்கள் பெயர் அங்கே இல்லை, அவ்வளவுதான்.

“உங்களுக்குச் சீர் செய்தாயிற்று, நகை போட்டாயிற்று.” இதற்குச் சட்டத்தில் மதிப்பே கிடையாது. கல்யாணச் செலவையும் சீரையும் மகளின் வாரிசுப் பங்கில் கழிக்க முடியாது. காதுகுத்துக்குத் தாய்மாமன் செய்ததையும் பொங்கல் சீரையும் கூட்டிக் கழித்துப் பேசும் சபைகள் நம் ஊரில் உண்டு. அது சபைப் பேச்சு, நீதிமன்றத்தில் எடுபடாது.

“ஆஸ்பத்திரிச் செலவும் காரியச் செலவும் நான்தான் பார்த்தேன்.” இந்த வாதத்துக்கு மட்டும் மரியாதை கொடுங்கள். இறந்தவரின் கடன்களும் ஈமச் செலவும் சொத்திலிருந்து முதலில் கழிய வேண்டியவை. மருத்துவச் செலவை மகன் கடமையாகச் செய்தாரா, அப்பாவுக்குக் கடனாகக் கொடுத்தாரா என்று சட்டம் பேசிக்கொண்டிருக்கும். நீங்கள் பேச வேண்டாம். பில்லைப் பார்த்து, நியாயமான தொகையைக் கழித்துக்கொண்டு மீதியைப் பேசுவதுதான் குடும்பம் தழைக்கும் வழி.

பேசுவது என்றால் எப்படி? உங்கள் பக்கத்தில் தாய்மாமனையோ ஊர்த் தலைவரான அம்பலத்தையோ வைத்துப் பேசுவார்கள். நல்லதுதான். ஆனால் வெற்றிலை பாக்கு மாற்றிக்கொண்டு எழுந்துவிடாதீர்கள். யாருக்கு எவ்வளவு, எந்தத் தேதிக்குள், எந்தக் கணக்கில் என்று முத்திரைத்தாளில் எழுதி, அம்மா உட்பட நால்வரும் கையெழுத்திட்டு, பணம் வங்கி வழியாகவே மாற வேண்டும். ரொக்கமாகக் கைமாறினால் பின்னால் வாங்கியவர் இல்லை என்பார், கொடுத்தவர் கொடுத்தேன் என்பார்.

பேச்சு படியாவிட்டால் வக்கீல் நோட்டீஸ், பிறகு உரிமையியல் நீதிமன்றத்தில் பங்கு கேட்டு வழக்கு. பணம் அண்ணன் கையில் இருப்பதால், அதை வேறிடம் மாற்றாதபடி இடைக்கால உத்தரவும் சேர்த்துக் கேட்கச் சொல்லுங்கள். சித்திரைத் திருவிழாவுக்கு எல்லாரும் ஊருக்கு வரும்போது பார்த்துக்கொள்ளலாம் என்று வருடக்கணக்கில் தள்ளாதீர்கள். எந்தக் காலவரையறைப் பிரிவு பொருந்தும் என்பதில் வக்கீல்கள் வாதாடிக்கொண்டே இருப்பார்கள். அண்ணன் பணம் வாங்கிய நாளிலிருந்து மூன்று ஆண்டுகளுக்குள் வழக்கைப் போட்டுவிட்டால் அந்த வாதமே உங்களுக்குத் தேவைப்படாது. வக்கீல் கட்டணத்துக்கு வழியில்லை என்றால் மதுரை மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். 1987ஆம் ஆண்டுச் சட்டப்படி பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசச் சட்ட உதவி உண்டு.

அம்மா “பெற்ற பிள்ளை மேல் நான் வழக்குப் போடமாட்டேன்” என்பார். வற்புறுத்தாதீர்கள். நீங்களும் அக்காவும் உங்கள் பங்குக்கு மட்டும் வழக்காடலாம். அம்மாவைப் பெயரளவில் ஒரு பிரதிவாதியாகச் சேர்ப்பார்கள். அண்ணன் அம்மாவைப் பார்த்துக்கொள்ளாமல் விட்டால் அது தனி வழி: 2007ஆம் ஆண்டின் பெற்றோர் மற்றும் மூத்த குடிமக்கள் பராமரிப்புச் சட்டப்படி கோட்டாட்சியரிடம் மனுக் கொடுக்கலாம்.

பணம் இன்னும் வங்கியிலேயே இருக்கும் நிலையில் இதைப் படிக்கிறவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். “என் அண்ணனிடம் கொடுக்காதீர்கள்” என்று மேலாளருக்குப் பதிவுத் தபால் அனுப்புவது பயன்படாது. வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தின் 45இசட்பி பிரிவின்படி, டெபாசிட்தாரர் அல்லாதவர் கொடுக்கும் அறிவிப்பை வங்கி ஏற்கத் தேவையே இல்லை. நீதிமன்ற உத்தரவை மட்டும்தான் மதிக்கும். தடை வேண்டுமென்றால் நீதிமன்றத்துக்கு உடனே போக வேண்டும், ஏனெனில் காகிதங்கள் சரியாக இருந்தால் வங்கி பதினைந்து நாளில் பட்டுவாடா செய்தாக வேண்டும். ரசீதில் ‘எய்தர் ஆர் சர்வைவர்’ இல்லாமல் ‘ஜாயிண்ட்லி’ என்று மட்டும் இருந்தால் கதை வேறு: நாமினியும் இல்லாத நிலையில், இருப்பவரும் இறந்தவரின் வாரிசுகளும் சேர்ந்து கையெழுத்திட்டால்தான் பணம் வெளியே வரும்.

நான் போட்ட கணக்கெல்லாம் இந்துக் குடும்பத்துக்கு. இதே 18 லட்சம், இதே உறுப்பினர்கள், அப்பத்தா இல்லை என்றால், கிறிஸ்தவக் குடும்பத்தில் 1925ஆம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டப்படி மனைவிக்கு மூன்றில் ஒரு பங்கு, 6 லட்சம். பிள்ளைகள் மூவருக்கும் ஆளுக்கு 4 லட்சம். முஸ்லிம் குடும்பத்தில் மனைவிக்கு எட்டில் ஒன்று, 2.25 லட்சம், மீதியில் மகனுக்கு 7,87,500, மகள்களுக்கு ஆளுக்கு 3,93,750. பணம் யாருடையது என்ற கேள்விக்கு வழி எல்லாருக்கும் ஒன்றுதான்.

கடைசியாக, அப்பாவின் பெயரில் மட்டும் இருந்த சேமிப்புக் கணக்கை மறந்துவிடாதீர்கள். அதற்கு நாமினி இல்லை என்றால் வாரிசுகள் நால்வரும் சேர்ந்து கோரலாம். தாசில்தாரிடம் இ-சேவை வழியாக வாங்கும் வாரிசுச் சான்றிதழ், இறப்புச் சான்று, ஈட்டுறுதிப் பத்திரம் (பின்னால் வேறு யாரும் உரிமை கோரினால் வங்கியின் இழப்பை ஈடுசெய்வோம் என்ற உறுதி), கோராதவர்களின் ஆட்சேபணையில்லாக் கடிதம் ஆகியவை போதும். 2025 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி வெளியிட்ட விதிகளின்படி வணிக வங்கிகளில் 15 லட்சம் வரை, கூட்டுறவு வங்கிகளில் 5 லட்சம் வரை, தகராறு இல்லாத இனங்களில் நீதிமன்ற வாரிசுரிமைச் சான்று கேட்கக் கூடாது. உங்கள் வீட்டில் நால்வரில் ஒருவர் கையெழுத்துப் போட மறுத்தாலும் இந்த எளிய வழி அடைபடும். அதனால் அண்ணனுக்கு நோட்டீஸ் அனுப்பும் முன் இந்தக் கணக்கை முடித்துக்கொள்வது நல்லது. அந்தக் கணக்கின் ஸ்டேட்மெண்ட்டும் அப்போதே உங்கள் கைக்கு வந்துவிடும்.